பாலத்துக்குக் கீழே காய்ந்த துணி



ஆண்டு மலருக்குக் கட்டுரை கேட்டு நோட்டீஸ் போர்டில் ஒட்டியபோது நான் எழுதுவேன் என்று நினைக்கவே இல்லை. எங்கள் வீட்டில் பத்தாம் வகுப்பைத் தாண்டிய முதல் ஆள் நான்தான். டிராயிங் ஷீட்டில் கோடு போடத் தெரியும், ரெக்கார்டு நோட்டு எழுதத் தெரியும். கட்டுரை எழுதிப் பழக்கமில்லை. ஆனால் போன செமஸ்டரில் ஒரு ஆவணப்படம் பார்த்தேன். அதிலே ஒரு பாலம் வருகிறது. அந்தப் பாலத்துக்குக் கீழே ஒரு பேன்ட் காய்ந்ததாம். அதைக் காட்டியது எங்கள் நாட்டுக்கு அவமானம் என்று ஒரு பெரிய நாட்டின் அதிகாரபூர்வப் பத்திரிகை பக்கம் பக்கமாக எழுதியது. இதைப் படித்த நாளிலிருந்து அந்தப் பேன்ட் என் மனசை விட்டுப் போகவில்லை. அதற்கான காரணம் எங்கள் வீட்டோடு சம்பந்தப்பட்டது. அதைப் பிறகு சொல்கிறேன். முதலில் பாடம்.

முதலில் பாலம்

யாங்சே ஆறு சீனாவை வடக்கு, தெற்கு என்று குறுக்கே பிரிக்கிற ஆறு. அதன் மேல் முதல் பெரிய பாலம் 1957 அக்டோபரில்தான் வூஹான் நகரத்தில் திறக்கப்பட்டது. நீளம் 1,670 மீட்டர். சோவியத் யூனியன் நிபுணர்கள் கூடவே இருந்து உதவினார்கள்.

நான்ஜிங் நகரம் வூஹானுக்கும் கீழே, கடலை நோக்கி ஆறு போகிற வழியில் இருக்கிறது. அங்கே பாலம் இல்லாத காலத்தில் ரயில் எப்படி ஆற்றைக் கடந்தது தெரியுமா? வடகரையில் ரயில் நின்றுவிடும். பெட்டிகளைப் பிரித்துப் பிரித்துப் பெரிய படகில் ஏற்றி, தென்கரையில் இறக்கி, மறுபடி கோத்து ஓட்டுவார்கள். 1933 முதல் இப்படித்தான் நடந்தது. ஆற்றைக் கடக்க மட்டும் ஒன்றரை மணி நேரம்.

1960 ஜனவரியில் நான்ஜிங் பாலத்தின் வேலை ஆரம்பமானது. அதே வருஷம் ஜூலையில் சோவியத் அரசு சீனாவோடு ஏற்பட்ட கருத்து மோதலால் தன் நிபுணர்களைத் திரும்ப அழைத்துக்கொண்டது. அங்கிருந்து வரவேண்டிய எஃகும் நின்றுபோனது. அது 1959 முதல் 1961 வரை சீனாவில் பெரும் பஞ்சம் நடந்த நேரம். கோடிக்கணக்கான மக்கள் மாண்ட பஞ்சம் அது. நிபுணர் இல்லை, எஃகு இல்லை, சோறு இல்லை. அந்த நிலைமையில் அன்ஷான் உருக்காலையில் புதிய வகை மாங்கனீசு கலந்த எஃகை அவர்களே தயாரித்து வேலையைத் தொடர்ந்தார்கள். தலைமைப் பொறியாளர் மெய் யாங்சுன் 1962-ல் இறந்துபோனார். பாலம் முடிந்ததை அவர் பார்க்கவில்லை.

நம் சிவில் நண்பர்களுக்கு இதில் முக்கியமான விஷயம் அஸ்திவாரம். ஆற்றுக்குள் 9 பியர்கள். அடியில் மண்ணும் பாறையும் இடத்துக்கு இடம் வேறு என்பதால் நான்கு வகையான அஸ்திவாரம் போட்டார்கள். நாம் படிக்கிற வெல் ஃபவுண்டேஷன் ஞாபகம் இருக்கிறதல்லவா? அடி திறந்த ஒரு பெரிய கான்கிரீட் கிணற்றை நிறுத்தி, உள்ளே இருக்கிற மண்ணை அள்ள அள்ள, அது தன் எடையாலேயே கீழே இறங்கும். இங்கே முதல் பியருக்கு அப்படி இறக்கிய ஆழம் சுமார் 55 மீட்டர். பதினேழு பதினெட்டு மாடிக் கட்டிடத்தைத் தலைகுப்புற மண்ணுக்குள் இறக்கின மாதிரி.

நடு ஆற்றில் அப்படி நேராக இறக்க முடியாது. கெய்சனை மிதக்கவிட்டு, நாலு பக்கமும் நங்கூரக் கயிறு கட்டி, இடம் பார்த்து நிறுத்தித்தான் இறக்க வேண்டும். 1964 செப்டம்பரில் வெள்ளம் வந்தபோது ஒரு கெய்சனின் கயிறுகள் அறுந்தன. அத்தனை பெரிய கான்கிரீட் பெட்டி நடு ஆற்றில் கடிகாரப் பெண்டுலம் மாதிரி இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஆட ஆரம்பித்துவிட்டது. பக்கத்தில் இன்னொரு கெய்சனும் ஆடியது. ஒரு மாதத்துக்கு மேல் தொழிலாளிகளும் பொறியாளர்களும் அதோடு போராடி, கடைசியில் எதிர் எடைகளைப் பயன்படுத்தி ஆட்டத்தைத் தணித்து நிறுத்தினார்கள். மெக்கானிக்ஸ் பேப்பரில் ஊசல் கணக்கு வரும்போது சும்மா மனப்பாடம் பண்ணிவிட்டுப் போகிறோம். அந்த ஆட்களுக்கு அது உயிர்க் கணக்கு.

1968 அக்டோபரில் ரயில் ஓடியது, டிசம்பரில் சாலை திறந்தது. கீழ்த்தளத்தில் ரயில், நீளம் 6,772 மீட்டர். மேல்தளத்தில் சாலை, நீளம் 4,589 மீட்டர். ஆற்றின் மேல் 10 ஸ்பான்கள். ஒன்று 128 மீட்டர், மற்ற ஒன்பதும் 160 மீட்டர். கூட்டிப் பாருங்கள், வெறும் ஆற்றின் மேலேயே ஒன்றரை கிலோமீட்டருக்கு மேல் வரும். ஒன்றரை மணி நேரப் பயணம் சில நிமிஷமானது. நான்ஜிங் நகர மக்களும் வேலை நேரம் போக வந்து சம்பளமில்லாமல் உழைத்தார்கள். பாலத்தின் இரண்டு முனையிலும் செங்கொடி வடிவில் கோபுரங்கள். தொழிலாளி, விவசாயி, சிப்பாய் என்று பெரிய பெரிய சிலைகள். 1969-ல் தபால்தலை வந்தது. எனாமல் கோப்பை, முகம் கழுவும் பேசின் என்று வீட்டுச் சாமான்களில்கூட அந்தப் பாலத்தின் படம் இருந்தது. ‘வெளியார் கை இல்லாமல் நாமே கட்டினோம்’ என்பது அந்தத் தலைமுறையின் பெருமை. அந்தப் பெருமையை மனசில் வைத்துக்கொண்டு மேலே படியுங்கள்.

மலையைச் சுற்றி வந்த தண்ணீர்

இதே வருஷங்களில் நடந்த இன்னொரு வேலையையும் சொல்ல வேண்டும். நான் பார்த்த ஆவணப்படத்தில் அந்த ஊரும் வருகிறது.

ஹெனான் மாகாணத்தில், தைஹாங் மலைக்குக் கீழே லின் வட்டம். 1994-லிருந்து அது லின்ஜோவ் நகரம். காலங்காலமாகத் தண்ணீர்ப் பஞ்சம் பிடித்த பூமி. பக்கத்து மாகாணத்தில் ஓடுகிற ஜாங் ஆற்றை, மலையின் பக்கவாட்டில் வெட்டிய கால்வாய் வழியாகத் தங்கள் ஊருக்குக் கொண்டுவருவது என்று முடிவு செய்தார்கள். 1960 பிப்ரவரியில் ஆரம்பித்து 1969 ஜூலையில்தான் கிளைக் கால்வாய்கள் வரை முடிந்தது. அதற்குச் செங்கொடிக் கால்வாய் என்று பெயர்.

தாய்க் கால்வாயின் நீளம் 70.6 கிலோமீட்டர். சரிவு 8,000-க்கு 1. அதாவது 8 கிலோமீட்டர் போனால் 1 மீட்டர் இறக்கம். முழு நீளத்துக்கும் சேர்த்து 9 மீட்டர்கூட இறக்கம் வராது. சர்வே பிராக்டிகலில் நம் காலேஜ் மைதானத்தைச் சுற்றி லெவல் எடுத்து வந்து, குளோசிங் எர்ரர் வந்துவிட்டது என்று நாம் தலையைச் சொறிவோம். அவர்கள் செங்குத்தான மலை முகத்தில் இந்தச் சரிவைப் பிடித்தார்கள். அதுவும் சுத்தியலும் உளியும் வைத்துக்கொண்டு. வெடிமருந்தும் சுண்ணாம்பும்கூட அவர்களே தயாரித்தார்கள். கிளைகளையும் சேர்த்தால் 1,500 கிலோமீட்டர் கால்வாய், 211 குகைப்பாதை, 150-க்கும் மேற்பட்ட தொட்டிப்பாலம்.

பஞ்சத்தினால் 1960 கடைசியில் வேலையை நிறுத்தச் சொல்லி உத்தரவு வந்தபோது 300 இளைஞர்கள் மட்டும் தங்கி, 616 மீட்டர் குகை ஒன்றைக் குடைந்தார்கள். 1961 ஜூலையில் முடிந்தது. இன்றும் அதன் பெயர் இளைஞர் குகை. நம் வயசு ஆட்கள்.

அங்கே தாவ்யுவான் என்ற இடத்தில் ஒரு தொட்டிப்பாலம் இருக்கிறது. நம்ம கன்னியாகுமரி மாவட்டத்து மாத்தூர் தொட்டிப்பாலத்தைப் பார்த்தவர்களுக்கு உடனே புரியும். தாவ்யுவானில் மூன்று அடுக்கு. வளைவுகளுக்குக் கீழே மழை வெள்ளம் போகும். நடுவில் தொட்டிக்குள் கால்வாய்த் தண்ணீர் போகும். தொட்டிக்கு மேலே மூடி போட்டு அதிலே வண்டி போகும். உயரம் 24 மீட்டர், நீளம் 100 மீட்டர். எல்லாம் கல் கட்டு வேலை. ஊர் ஜனங்கள் கட்டிய பாலம்.

நம்மைப் போன்றவர்கள் மறக்கக்கூடாத பெயர் ஒன்று இந்த வேலையில் உண்டு. வூ ஜூதாய். 1933-ல் பிறந்தவர். மஞ்சள் நதி நீர்வளப் பள்ளியில் படித்தவர். பெரிய பல்கலைக்கழகம் இல்லை, நம்ம பாலிடெக்னிக் மாதிரி தொழில் படிப்பு சொல்லித்தரும் இடம். கால்வாயை அளந்து வடிவமைத்தவர்களில் முக்கியமானவர். வேலை தொடங்கி ஏழு வாரம்கூட ஆகவில்லை, 1960 மார்ச் 28 அன்று ஒரு குகையில் விரிசல் கண்டிருக்கிறது என்று ஆட்கள் சொன்னார்கள். பார்க்க உள்ளே போனார். குகை இடிந்து விழுந்தது. வயசு 27. அந்தப் பத்து வருஷத்தில் கால்வாய்க்காக இறந்தவர்கள் 81 பேர். விரிசல் என்று கேட்டதும் ஆளை அனுப்பாமல் தானே போனார் என்பதை நான் அடிக்கடி நினைத்துக்கொள்கிறேன்.

சீன அரசின் செய்திப்பட நிறுவனம் இந்தக் கால்வாயைப் பற்றி எடுத்த ஆவணப்படம் 1970-களின் தொடக்கத்தில் நாடு முழுக்க ஓடியது. கயிற்றில் தொங்கிக்கொண்டு மலை முகத்தில் தளர்ந்த பாறையைத் தட்டிவிடுகிற ஆட்கள் அந்தக் கால்வாயின் அடையாளமாகவே ஆகிவிட்டார்கள். பார்த்தால் உடம்பு சிலிர்க்கும். ஆனால் பசியோடு வேலைக்கு வந்தவர்கள் எல்லோரும் விரும்பித்தான் வந்தார்களா, வராதவர்கள் என்ன ஆனார்கள் என்பது போன்ற கேள்விக்கு இந்த வகைப் படங்களில் இடம் கிடையாது. பின்னணியில் ஒரு கணீர்க் குரல் எல்லாவற்றையும் சொல்லிவிடும். ஜனங்கள் கையை ஆட்டுவார்கள், பேச மாட்டார்கள்.

கேமராவோடு வந்த இத்தாலிக்காரர்

மைக்கேலேஞ்சலோ அந்தோனியோனி இத்தாலியின் புகழ்பெற்ற திரைப்பட இயக்குநர். 1972-ல் சீன அரசே அவரை அழைத்தது. இத்தாலியத் தொலைக்காட்சிக்காக ‘சுங் குவோ சீனா’ என்ற ஆவணப்படத்தை எடுத்தார். மூன்றரை மணி நேரத்துக்குக் கிட்ட ஓடும். பெய்ஜிங், லின் வட்டம், சுஜோவ், நான்ஜிங், ஷாங்காய் என்று போகும்.

எங்கள் துறை ஆசிரியர் ஒருவர் பென் டிரைவில் கொடுத்தார். ஹாஸ்டலில் மூன்று ராத்திரி உட்கார்ந்து பார்த்தேன். கீழே ஓடுகிற ஆங்கில எழுத்தை நிறுத்தி நிறுத்திப் படித்ததால் எனக்கு ஆறு மணி நேரம் ஆகியிருக்கும். ரூம்மேட்ஸ் இரண்டு பேர் முதல் நாளே தூங்கிவிட்டார்கள். உண்மையைச் சொன்னால் படம் மெதுவாகத்தான் போகும். ஒரு கதையும் கிடையாது. சைக்கிளில் போகிறவர்கள், சாப்பிடுகிறவர்கள், கேமராவைப் பார்த்து வெட்கப்படுகிறவர்கள். முகம், முகம், முகம். சீனாவை விளக்கப்போவதில்லை, பார்க்கப்போகிறேன், அவ்வளவுதான் என்று அவரே ஆரம்பத்தில் சொல்லிவிடுகிறார். லின் வட்டத்தில் ஒரு மலைக் கிராமத்துக்குத் திட்டத்தில் இல்லாமல் போகிறார். வெளிநாட்டு ஆளையே பார்த்திராத ஜனங்கள் பயந்துபோய்ச் சுவரோரம் நின்று பார்க்கிறார்கள்.

1974 ஜனவரி 30 அன்று சீனாவின் ‘மக்கள் நாளிதழ்’ இந்தப் படத்தைக் கடுமையாகத் தாக்கி ஒரு நீண்ட கட்டுரை போட்டது. லின் வட்டத்துக்குப் போனவர் செங்கொடிக் கால்வாயின் பிரம்மாண்டத்தைக் காட்டவில்லை, துண்டு நிலத்தையும் களைத்துப்போன மாட்டையும் பழைய வீட்டையும் காட்டினார் என்பது ஒரு குற்றச்சாட்டு. நான்ஜிங் பாலத்தை மோசமான கோணங்களில் எடுத்து, கோணலாக, ஆடுவது போலக் காட்டினார் என்பது இன்னொன்று. பாலத்துக்குக் கீழே காயப்போட்ட பேன்ட்டைக் காட்டிக் கேலி செய்தார் என்பதும் சேர்ந்துகொண்டது.

அதன்பிறகு நாடு முழுக்கக் கண்டனக் கூட்டம். கூட்டத்தில் பேசியவர்களில் பெரும்பாலோர் படத்தைப் பார்க்கவே இல்லை. சீனாவில் அது அப்போது திரையிடப்படவில்லை. வெளிநாட்டாருக்குக் கதவைத் திறந்த பிரதமர் சூ என்லாயைக் குறிவைத்துத்தான் அவருடைய எதிர் அணியினர் இந்தப் படத்தைப் பிடித்துக்கொண்டார்கள் என்று வரலாற்று ஆய்வாளர்கள் பலர் கருதுகிறார்கள். 2004-ல்தான் பெய்ஜிங்கில் படம் காட்டப்பட்டது. முப்பது வருஷம் கழித்து. 2007-ல் அந்தோனியோனி காலமானார்.

எலிவேஷனும் பெர்ஸ்பெக்டிவும்

இதைப் படித்தவுடன் நான் அந்தோனியோனி பக்கம் சாய்ந்தேன். கோணத்துக்காகவா ஒரு ஆளைத் திட்டுவார்கள் என்று சிரிப்புகூட வந்தது. பிறகு உம்பர்ட்டோ எக்கோ என்ற இத்தாலிய எழுத்தாளர் 1977-ல் இதைப் பற்றி எழுதியதைத் தெரிந்துகொண்டேன். அவர் சொன்னதன் சாரம் இது: இத்தாலிய இயக்குநருக்குக் கோணம் மாற்றிச் சாய்வாக எடுப்பது பாலத்தின் பிரம்மாண்டத்தை வியக்கிற வழி. அந்தக் காலத்துச் சீனப் பார்வையாளருக்கோ, நேர் எதிரே நின்று, இரண்டு பக்கமும் சமமாக, முழுசாகக் காட்டுவதுதான் மரியாதை. இருவரும் வேறு வேறு இலக்கணத்தில் படித்தார்கள்.

நண்பர்களே, இது நமக்குப் புதுசா? முதல் வருஷம் இன்ஜினியரிங் கிராபிக்ஸில் என்ன படித்தோம்? எலிவேஷன் என்பது நேர் எதிரே நின்று பார்ப்பது. பியர் எல்லாம் நேராக நிற்கும், டெக் மட்டமாக ஓடும். அளவு எடுக்கலாம், எஸ்டிமேட் போடலாம். ஆனால் உலகத்தில் எந்தக் கண்ணும் ஒரு பாலத்தை எலிவேஷனாகப் பார்ப்பதில்லை. நாம் எப்போதும் எங்கோ ஒரு மூலையில் நிற்கிறோம். கிட்ட இருக்கிற பியர் பெரிசாகவும் தூரத்துப் பியர் சின்னதாகவும் தெரியும். கோடுகள் சாயும். அது பெர்ஸ்பெக்டிவ். இரண்டுமே சரியான டிராயிங்தான். எலிவேஷனைப் பார்த்து ‘இது பொய்’ என்று சொல்வதும் தப்பு, பெர்ஸ்பெக்டிவைப் பார்த்து ‘பாலம் கோணல்’ என்று சொல்வதும் தப்பு.

ஆனால் கோபத்தை வெறும் முட்டாள்தனம் என்று தள்ளிவிடவும் என்னால் முடியவில்லை. எட்டு வருஷம், பஞ்சத்தில், கைவிட்டுப் போன நிபுணர்களுக்கு எதிரில், ஆடுகிற கெய்சனைப் பிடித்து நிறுத்திக் கட்டியவர்கள். அவர்களில் ஒருத்தருக்கு ‘வெளிநாட்டுக்காரன் உன் பாலத்தைக் கோணலாகக் காட்டியிருக்கிறான்’ என்று யாராவது சொன்னால் எப்படி இருக்கும்? கட்டினவனுக்கு அது வலிக்கத்தான் செய்யும்.

பேன்ட் விஷயம்தான் எனக்கு ஒத்துவரவில்லை. எந்த எலிவேஷனிலும் மனுஷன் இருக்க மாட்டான். டிராயிங் ஷீட்டில் பாலத்துக்குக் கீழே தண்ணீர் மட்டக் கோடுதான் இருக்கும், துணி காயாது. ஆனால் நிஜப் பாலத்தில் காயும்.

எங்கள் வீட்டுக் கதை

இப்போது காரணத்தைச் சொல்கிறேன்.

எங்கள் அப்பா கம்பி கட்டுகிறவர். அம்மா சித்தாள். நான் மூன்றாம் வகுப்பு படிக்கிறபோது ஒரு ஆற்றுப் பாலத்து வேலையில் இரண்டு பேரும் இருந்தார்கள். பள்ளிக்கூட லீவில் நானும் தம்பியும் அங்கேதான் இருப்போம். பாலத்துக்குப் பக்கத்திலேயே தகரக் கொட்டகை. இரண்டு பியருக்கு நடுவில் பைண்டிங் கம்பியை முறுக்கி இழுத்துக் கட்டியிருந்தார்கள். அதுதான் எல்லாருக்கும் கொடி. அப்பாவின் சட்டையில் துருக்கறை போகவே போகாது. அம்மா எப்படித் தேய்த்தாலும் காய்ந்த பிறகு செம்மண் நிறத்தில் தெரியும்.

ஒருநாள் பெரிய அதிகாரிகள் பார்வையிட வருகிறார்கள், போட்டோ எடுப்பார்கள் என்று காலையிலேயே சூப்பர்வைசர் வந்து துணியை எல்லாம் எடுக்கச் சொன்னார். அப்போதுதான் துவைத்துப் போட்ட துணி. ஈரத்தோடு சுருட்டி அம்மா கொட்டகைக்குள் வைத்தார். பிள்ளைகள் வெளியே வரக்கூடாது என்றார்கள். மணல் குவியலுக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தோம். ரெண்டு நாள் கழித்துப் பேப்பரில் படம் வந்தது. பாலம் நேராக, சுத்தமாக, அழகாக இருந்தது. அப்பா அதைக் கத்தரித்து ரேஷன் கார்டு வைக்கிற கவரில் பத்திரமாக வைத்தார். இன்றைக்கும் இருக்கிறது.

பொங்கல் லீவில் ஊருக்குப் போனபோது நான்ஜிங் பாலம் வருகிற பகுதியை மட்டும் அப்பாவுக்கு போனில் போட்டுக் காட்டினேன். கண்ணாடி மாட்டிக்கொண்டு பார்த்தார்.

“ஆத்துக்குள்ள எத்தன பியரு பாப்பா?”

“ஒம்போதுப்பா.”

“தண்ணி வத்துற ஆறா?”

“வத்தாதுப்பா. கப்பலே போகும்.”

“அடேங்கப்பா” என்று கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். அப்புறம் கேட்டார், “இம்புட்டு பெரிய பாலத்த ஏன் இப்பிடிச் சாய்ச்சு எடுத்திருக்கான்? நேரா நின்னு எடுத்தா முழுசும் தெரியுமில்ல?”

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எக்கோ எழுதியதை அப்பா படித்ததில்லை. கட்டுகிறவர் கண் அப்படித்தான் கேட்கும். பிறகு பேன்ட் கதையைச் சொன்னேன். அது அவமானம் என்று பேப்பரில் எழுதினார்கள் என்றேன்.

“துணி காயுதுன்னா அங்க ஆளு இருக்குன்னு அர்த்தம். இதுல என்ன அவமானம்?” என்றார். சமையல்கட்டிலிருந்து அம்மா மட்டும், “அன்னைக்கு ஈரத்துணிய எடுக்கச் சொன்னாங்களே” என்றார். வேறு எதுவும் சொல்லவில்லை.

அந்தப் பேன்ட் யாருடையது?

அப்பா இரண்டு கேள்வி கேட்டார். நேராக எடுக்க வேண்டும் என்றார். துணி காய்ந்தால் தப்பில்லை என்றார். ஒரே ஆளுக்கு இரண்டும் சேர்ந்தே தோன்றுகிறது. பெருமையும் வேண்டும், தன் துணியும் காய வேண்டும். இதை ஏன் ஒன்றுக்கொன்று எதிராக நிறுத்துகிறார்கள் என்பதுதான் எனக்குப் புரியவில்லை.

அந்தோனியோனி அருமையாகப் பார்த்தார். ஆனால் அந்தப் பேன்ட் யாருடையது என்று கேட்கவில்லை. மக்கள் நாளிதழ் சீன மக்களுக்காகப் பேசுவதாகச் சொன்னது. அதுவும் கேட்கவில்லை. பாலத்தின் முனையில் முப்பதடி நாற்பதடி தூரத்திலிருந்து பார்த்தாலும் தெரிகிற தொழிலாளி சிலை வைக்கத் தெரிந்தவர்களுக்கு, பாலத்துக்குக் கீழே ஒரு நிஜத் தொழிலாளியின் பேன்ட் காய்ந்தால் கூச்சமாக இருந்தது. சிலைக்குத் துணி துவைக்க வேண்டாம். ஆளுக்கு வேண்டுமே.

கேட்டிருந்தால் என்ன கிடைத்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். ஒருவேளை அது படகோட்டியின் பேன்ட்டாக இருக்கலாம். பெயின்ட் அடிக்கிறவருடையதாக இருக்கலாம். 1964-ல் அந்தக் கெய்சனைக் கயிறு போட்டுப் பிடித்த ஒருத்தர் பராமரிப்பு வேலையில் அங்கேயே தங்கியிருந்திருக்கலாம். ஒரே ஒரு கேள்வி கேட்டு, ஒரு ஆள் பேசியிருந்தால், அந்தப் படமும் நிறைவடைந்திருக்கும், அந்தக் கோபத்துக்கும் இடமில்லாமல் போயிருக்கும்.

இன்று யாங்சேயின் மேல் நூற்றுக்கும் மேற்பட்ட பாலங்கள் இருக்கின்றன. நான்ஜிங் பாலத்தின் சாலையை 2016 அக்டோபரில் மூடி, பழுது பார்த்து, 2018 டிசம்பரில் மறுபடி திறந்தார்கள். ஐம்பது வருஷம் தாங்கிய பாலம். செங்கொடிக் கால்வாயைப் பார்க்கச் சுற்றுலா போகிறார்கள். கட்டினது நன்றாகக் கட்டப்பட்டது என்பதற்கு இதைவிட சாட்சி வேண்டாம். எந்தக் கோணமும் அதைக் கெடுக்க முடியவில்லை.

நாம் என்ன செய்யலாம்?

இன்னும் சில மாதத்தில் நம்மில் பலர் சைட்டில் நிற்போம். சூப்பர்வைசர் வேலைதான் நமக்கு முதலில் கிடைக்கும். ஒருநாள் நம்மிடமும் சொல்வார்கள்: “ஐயா வர்றார், அந்தத் துணியெல்லாம் எடுக்கச் சொல்லு.” அன்றைக்கு என்ன செய்வோம்? பாதுகாப்புக்கு இடைஞ்சலான இடத்தில் கொடி கட்டியிருந்தால் எடுக்கத்தான் வேண்டும். அப்படியானால் காயப்போட வேறு இடம் காட்டிவிட்டு எடுக்கச் சொல்வோம். படத்துக்காக மட்டும் என்றால், இருக்கட்டும் சார் என்று சொல்ல ஒரு தைரியம் வேண்டும். அதை இப்போதிருந்தே பழகிக்கொள்வோம்.

மாணவர் சங்கத்துக்கு இரண்டு வேண்டுகோள்.

ஒன்று, அடுத்த செமஸ்டரில் நம் செமினார் ஹாலில் இந்தப் படத்தின் லின் வட்டம், நான்ஜிங் பகுதிகளைத் திரையிட வேண்டும். முழுப்படம் போட்டால் தூங்கிவிடுவார்கள், அது என் ரூம்மேட்ஸ் நிரூபித்தாகிவிட்டது. படம் முடிந்ததும் கட்டுமான வேலை தெரிந்த பெற்றோர் யாரையாவது மேடைக்கு அழைத்துப் பேசச் சொல்லலாம். நம் வகுப்பிலேயே அப்படிப் பல வீடுகள் இருக்கின்றன.

இரண்டு, நம் புராஜெக்ட் ரிப்போர்ட்டில் நன்றியுரைப் பக்கம் ஒன்று உண்டு. முதல்வர், துறைத் தலைவர், வழிகாட்டி ஆசிரியர் என்று எழுதுகிறோம். எழுதத்தான் வேண்டும். அதன் கீழே, நாம் அளவெடுத்த சைட்டில் நமக்கு விளக்கம் சொன்ன மேஸ்திரி, கம்பி கட்டுபவர், சித்தாள் ஆகியோர் பெயரையும் கேட்டு எழுதுவோம். ஒரு வரிதான். எங்கள் பேட்ச் இந்த வருஷம் எழுதியிருக்கிறோம். ஏழு பெயர்கள்.

அன்றைக்கு ராத்திரி அப்பாவிடம் அந்தப் பழைய பேப்பர் படத்தை எடுக்கச் சொல்லி, அந்தப் பாலத்தில் கூட வேலை செய்தவர்கள் பெயரைச் சொல்லச் சொன்னேன். என் ரஃப் நோட்டில் எழுதினேன். பத்தொன்பது பெயர் வந்தது. இன்னும் இரண்டு பேர் இருக்கிறார்கள், பெயர் ஞாபகம் வரவில்லை என்று அம்மாவைக் கேட்டார். அம்மாவுக்கு ஒருவர் பெயர் தெரிந்தது. இன்னொருவருக்கு இடம் விட்டு வைத்திருக்கிறேன்.



மூன்றாமாண்டு சிவில் மாணவி